கேள்வி பதில்: வாகமீஸ் யார் என்று கேட்டவர்களுக்கு

போன இதழில், "நம் மலேசியத் தமிழ் இளம் எழுத்தாளர்கள் யாரைப் படிக்க வேண்டும்?" என்று ஒரு வாசகர் கேட்டிருந்தார். ரிச்சர்ட் வாகமீஸ், கனடாவின் ஓஜிப்வே இனத்துப் பத்திரிகையாளர், நாவலாசிரியர் என்று ஒரு வரியில் பதில் சொல்லிவிட்டு அடுத்த கேள்விக்குப் போய்விட்டேன். அந்த ஒரு வரிக்கு வந்த கடிதங்களையும் வாட்ஸ்அப் செய்திகளையும் பார்த்த பிறகு, இந்த இதழின் பக்கங்களை முழுக்க அவருக்கே கொடுத்துவிடுவது என்று முடிவு செய்தோம். சினிமாவும் அரசியலும் கேட்டவர்கள் அடுத்த இதழ்வரை பொறுத்துக்கொள்ளுங்கள்.

கே: ஓஜிப்வே என்ற பெயரையே இப்போதுதான் கேள்விப்படுகிறேன். செவ்விந்தியர்களா? இந்த மனிதர் அப்படி என்ன செய்தார்? (ஒரு வாசகர், செந்தூல்)

ப: நாம் பள்ளிக்கூடத்தில் செவ்விந்தியர் என்று படித்தோமே, அந்த ஒரே மூட்டைக்குள் போட்டுக் கட்டிய நூற்றுக்கணக்கான இனங்களில் இவர்களும் ஓர் இனம். வட அமெரிக்காவின் பெரிய ஏரிகளைச் சுற்றி வாழ்கிறவர்கள், கனடாவில் ஒன்டாரியோ, மனிதோபா பக்கமும் அமெரிக்காவில் மினசோட்டா, விஸ்கான்சின், மிச்சிகன் பக்கமும். ஏரித் தண்ணீரில் தானாக விளையும் காட்டரிசியைச் சின்னப் படகில் போய், கதிரைக் குச்சியால் வளைத்துத் தட்டிப் படகுக்குள்ளேயே உதிர்த்துக்கொண்டு வருவார்கள். இன்றைக்கும் நடக்கிறது.

வாகமீஸ் 1955 அக்டோபரில் வடமேற்கு ஒன்டாரியோவில் பிறந்தார். அவருடைய குடும்பம் வபசீமூங் என்ற ஊரைச் சேர்ந்தது. அந்த ஊர் பட்ட பாட்டையும் சொல்லத்தான் வேண்டும். 1950-களில் பக்கத்தில் நீர்மின் அணை வந்தது. அடுத்து 1960-களில் ட்ரைடன் நகரத்துக் காகிதக்கூழ் ஆலையிலிருந்து பாதரசம் ஆற்றில் கலந்து, அந்த மீனைத் தின்ற ஜனங்களுக்கு நரம்புக் கோளாறுகள் வந்தன. ஜப்பானில் இதே பாதரச நஞ்சால் வந்த மினமாத்தா நோயை ஆராய்ந்த டாக்டரே 1975-ல் அந்த ஆற்றங்கரைக்கு வந்து பார்த்தார்.

இப்படிப்பட்ட இடத்தில் பிறந்தவர், 1979-ல் சஸ்காச்சுவான் மாநிலத்தின் ரெஜைனா நகரில் 'நியூ பிரீட்' என்ற பழங்குடி மக்களின் பத்திரிகையில் நிருபராகச் சேர்ந்தார். பிறகு 'கால்கரி ஹெரால்டு' என்ற பெரிய நாளிதழில் பத்தி எழுதினார். 1991-ல் பத்தி எழுத்துக்காகக் கனடாவின் தேசியச் செய்தித்தாள் விருது அவருக்குக் கிடைத்தது. பழங்குடியினரில் அதை வாங்கிய முதல் ஆள் அவர்தான். 1994-ல் முதல் நாவல், 2012-ல் அவரை உலகத்துக்குத் தெரியவைத்த 'இந்தியன் ஹார்ஸ்'. நடுவிலும் அப்புறமும் நாவல், கவிதை, நினைவுக் கட்டுரை என்று ஒரு டஜனுக்கு மேல் புத்தகங்கள். 2017 மார்ச்சில் காம்லூப்ஸ் நகரில் இறந்துபோனார். வயது 61தான்.

கே: ஒன்பதாம் வகுப்போடு நின்றுவிட்டவர் என்று இணையத்தில் பார்த்தேன். அப்படிப்பட்டவரை எப்படி வேலைக்கு எடுத்தார்கள்? நான் எஸ்.பி.எம். (ஐந்தாம் படிவத் தேர்வு) முடித்துவிட்டு மாஸ் காம் படிக்கலாமா என்று யோசித்துக்கொண்டிருக்கிறேன், அதனால் கேட்கிறேன். (மாணவி, புக்கிட் மெர்தாஜாம்)

ப: படிம்மா, தாராளமாகப் படி. வாகமீஸ் படிக்காமல் போனது அவர் எடுத்த முடிவு இல்லை, அவர்மேல் வந்து விழுந்தது. இதைத் தெரிந்துகொள்ளாமல் அவர் கதையை ஊக்கப் பேச்சாக்கிவிடக் கூடாது.

மூன்று வயதுகூட நிறையாத பிள்ளையாக இருந்தபோது நடந்ததை அவரே எழுதியிருக்கிறார். பிப்ரவரி மாதம், காட்டுக்குள் ஒரு முகாம். பெரியவர்கள் குடிக்கக் கெனோரா நகரத்துக்குப் போனவர்கள், நாள் கணக்கில் திரும்பவில்லை. விறகும் தீர்ந்தது, சாப்பாடும் தீர்ந்தது. இனியும் இருந்தால் விறைத்துச் செத்துவிடுவோம் என்று தெரிந்ததும், மூத்த அக்காளும் அண்ணனும் சின்னவர்கள் இரண்டு பேரையும் சறுக்கு வண்டியில் ஏற்றி, மேலே விலங்குத் தோல்களைப் போட்டு மூடி, பனிப்புயலில் உறைந்த நீர்ப்பரப்பைக் கடந்து இழுத்துப் போனார்கள். இழுத்தவர்களும் பிள்ளைகள்தான். அக்கரையில் ரயில் நிலையச் சுவர் ஓரம் காற்றுப் படாத பக்கமாக ஒண்டிக்கொண்டு அழுதவர்களை, அந்த வழியே போன போலீஸ்காரர் பார்த்துக் குழந்தைகள் நலச் சங்கத்தில் ஒப்படைத்தார். அதற்குப் பிறகு தாயையும் சொந்தங்களையும் அவர் பார்த்தது 21 வருஷம் கழித்துத்தான்.

இடைப்பட்ட காலத்தில் வளர்ப்பு வீடுகள், பிறகு ஒன்பது வயதில் ஒரு வெள்ளைக்காரக் குடும்பம் தத்தெடுத்தது. அங்கே அடியும் உதையும், நீ யார் என்பதை மறந்துவிடு என்ற பாடமும் கிடைத்தன. பதினாறு வயதில் வீட்டை விட்டு வெளியேறித் தெருவில் படுத்தார், குடித்தார், சிறைக்கும் போனார்.

இந்த நாட்களில்தான் செயின்ட் கேத்தரின்ஸ் ஊர்ப் பொது நூலகம் அவருக்குக் கிடைத்தது. குளிருக்கு ஒதுங்க ஓர் இடம், யாரும் விரட்டாத இடம். உட்கார்ந்த இடத்தில் கையில் கிடைத்ததையெல்லாம் படித்தார், அந்த நூலகம்தான் என் பள்ளிக்கூடம் என்று பின்னாளில் திரும்பத் திரும்பச் சொன்னார். 23-வது வயதில் அண்ணன் ஒருவர் அவரைத் தேடிக் கண்டுபிடித்தார். சொந்த ஜனங்களிடம் திரும்பிப் போன பிறகு, கதை சொல்வதுதான் உன் வேலை என்று அங்கே ஒரு மூத்தவர் சொன்னதைப் பிடித்துக்கொண்டார். நிருபர் வேலையும் அந்த நாட்களில்தான் வந்தது.

உனக்கு இதிலிருந்து ஒன்றே ஒன்று சொல்வேன். பட்டம் வாங்கு, ஆனால் பட்டத்துக்காகப் படிக்கிறதோடு நிறுத்திவிடாதே. நிருபர் வேலைக்கு வருகிற பிள்ளைகளிடம் "கடைசியாகப் படித்த புத்தகம் என்ன?" என்று கேட்டால் கூரையைப் பார்க்கிறார்கள், எனக்கு உண்மையிலேயே வயிறு எரிகிறது. கோலாலம்பூர் ஜாலான் துன் ரசாக்கில் தேசிய நூலகம் இருக்கிறது, டத்தாரான் மெர்டேக்கா பக்கத்தில் கோலாலம்பூர் நூலகம் இருக்கிறது, உங்கள் பக்கம் பினாங்கு பொது நூலகக் கழகத்துக்குக் கிளைகள் இருக்கின்றன. ஏர்கோன் போட்டு வைத்துக்கொண்டு காத்திருக்கிறார்கள். போய் உட்கார்.

கே: ஐயா, கோபித்துக்கொள்ளாதீர்கள். சொந்த இனத்தின் குடி, பிள்ளையைக் கைவிட்டது என்று எல்லாவற்றையும் வெள்ளைக்காரன் பத்திரிகையில் எழுதிப் பரிசு வாங்கியவரை நீங்கள் தூக்கி வைத்துக் கொண்டாடுகிறீர்கள். நாளைக்கு நம் பையன் ஒருவன் நம் குடியையும் குண்டர் கும்பலையும் ஆங்கிலப் பத்திரிகையில் எழுதினால் மற்ற இனத்தான் சிரிக்க மாட்டானா? (ஒரு வாசகர், கிள்ளான்)

ப: கோபம் இல்லை. இந்த இதழை வாகமீஸுக்குக் கொடுக்க வைத்ததே உங்கள் கேள்விதான்.

நீங்கள் பயப்படுவதில் நியாயம் இருக்கிறது. ஒரு சின்னச் சமூகத்தைப் பற்றி வெளியே ஒரு மோசமான செய்தி வந்தால், அந்த ஒரு செய்தியே மொத்தச் சமூகத்தின் முகமாகிவிடும். பெரிய இனத்துக்கு அந்தக் கஷ்டம் கிடையாது, அவர்களைப் பற்றி ஒரு நாளைக்கு நூறு செய்தி வருகிறது, கெட்டது பத்து என்றால் நல்லது தொண்ணூறு. நம்மைப் பற்றி வருவது நாலு, அதில் மூன்று போலீஸ் செய்தி. கனடாவிலும் அதே கதைதான். அங்கே பழங்குடி என்றாலே குடி, பிச்சை, சாலை மறியல் என்றுதான் பல காலம் செய்தி வந்தது.

சரி, வாகமீஸ் என்ன செய்தார்? குடியை எழுதினார், மறைக்கவில்லை. ஆனால் அங்கே நிற்கவில்லை, குடிக்கு முன்னால் என்ன நடந்தது என்பதையும் சேர்த்து எழுதினார். அந்தப் பனியில் பிள்ளைகளை விட்டுவிட்டுப் போன பெரியவர்கள் யார்? அவர்கள் பிள்ளைகளாக இருந்தபோது, அரசாங்கமும் தேவாலயங்களும் சேர்ந்து நடத்திய விடுதிப் பள்ளிகளுக்குப் பிடித்துக்கொண்டு போகப்பட்டவர்கள். கனடாவில் அப்படி 1,50,000 பிள்ளைகளுக்கு மேல் கொண்டுபோனார்கள். தாய்மொழி பேசினால் தண்டனை, முடியை வெட்டினார்கள், பெயரை மாற்றினார்கள், பலருக்குச் சொல்லக் கூசும் கொடுமைகள் நடந்தன. ஆயிரக்கணக்கானவர்கள் வீடு திரும்பவே இல்லை. தாய் தகப்பனிடம் வளராத பிள்ளை தாய் தகப்பனாக எங்கே போய்க் கற்றுக்கொள்ளும்? வாகமீஸ் அந்தப் பள்ளிக்குப் போனவர் இல்லை, ஆனால் அந்தப் பள்ளி தன் வீட்டுக்குள் வந்து உட்கார்ந்திருந்ததை அவர் கண்டுகொண்டார். கண்டுகொண்டு பழியைத் தூக்கி ஒரே பக்கம் போடவும் இல்லை. தன் அம்மா அந்தப் பள்ளியைப் பற்றி ஒரு குறையும் சொன்னதில்லை, வீட்டைத் துப்புரவாக வைத்துக்கொள்ள அங்கேதான் கற்றேன் என்று நல்லதாகவே பேசுவார் என்பதையும் 2008-ல் பத்தியில் எழுதினார், இப்படிப்பட்ட கதைகளும் பதிவாக வேண்டும் என்று. அவர் ஜனங்களிலேயே பலருக்கு அது பிடித்திருக்காது. உண்மை அப்படி இருந்தது, எழுதினார்.

இப்போது நம் வீட்டுக்கு வருவோம். தோட்டத்தில் லயத்துக்குக் கூப்பிடு தூரத்தில் கள்ளுக்கடையை வைத்தது யார்? தோட்ட நிர்வாகமே வைத்தது, அரசாங்கம் அதற்கு லைசென்ஸ் கொடுத்தது. கூலியாகப் போன காசு சாயங்காலமே கள்ளாகத் திரும்பி வந்தது. 1940-களின் பிற்பாதியில் கடாவில் பீடோங் வட்டாரத் தோட்டங்களில் தொண்டர் படை என்று நம் ஆட்கள் திரண்டு கள்ளுக்கடைகளை எதிர்த்தார்கள், போலீஸ் தடியையும் துப்பாக்கியையும் சந்தித்தார்கள். நம் பிள்ளைகளில் எத்தனை பேருக்கு இது தெரியும்? "இந்தியர்கள் குடிக்கிறார்கள்" என்ற செய்தி மட்டும் எல்லாருக்கும் தெரியும். நம்மில் ஒருவன் எழுதாமல் இருந்தால் நம் குடி மறைந்துவிடுமா? மறையாது. குடி மட்டும் எழுதப்படும், கள்ளுக்கடையும் தொண்டர் படையும் எழுதப்படாமல் போகும்.

அதனால் நம் பையன் எழுதட்டும் என்றுதான் சொல்வேன். ஆங்கிலத்திலும் மலாயிலும்கூட எழுதட்டும். ஆனால் ஒரு நிபந்தனை, குண்டர் கும்பலில் சேர்ந்த பையனைப் பற்றி எழுதினால், அவன் குடும்பம் எந்தத் தோட்டத்திலிருந்து எந்த வருஷம் வெளியேற்றப்பட்டது, எந்த மலிவு ஃப்ளாட்டில் வந்து விழுந்தது, அவன் அப்பாவுக்கு அப்புறம் என்ன வேலை கிடைத்தது என்பதைத் தேடிக் கண்டுபிடித்து எழுதட்டும். அதைச் செய்ய வெளியாளுக்குப் பொறுமை இருக்காது.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். வாகமீஸ் பத்தி எழுத்துக்குப் பரிசு வாங்கிய காலத்தைப் பாருங்கள். 1990 கோடையில் மாண்ட்ரியால் பக்கத்தில் ஓக்கா என்ற ஊரில், மொஹாக் இனத்தார் தங்கள் நிலத்தில் கோல்ஃப் மைதானத்தை விரிவாக்கக் கூடாது என்று மறியல் செய்து, போலீஸ் வந்து, ராணுவமும் வந்து, 78 நாள் அது நீடித்தது. நாடே இரண்டாகப் பிரிந்து கத்திக்கொண்டிருந்த நேரம். அந்தக் காலத்தில் ஒரு பெரிய வெள்ளைக்கார நாளிதழில் பழங்குடிக்காரர் ஒருவர் தன் பெயரும் படமும் போட்டுப் பத்தி எழுதினார் என்றால், இரண்டு பக்கமும் அவரைச் சந்தேகமாகத்தான் பார்த்திருக்கும். அந்த நெஞ்சுரத்தைத்தான் நான் கொண்டாடுகிறேன், பரிசை இல்லை.

கே: 'இந்தியன் ஹார்ஸ்' படமாக வந்திருக்கிறதாமே? (தாமான் செலாயாங்)

ப: ஆமாம், 2017-ல் வந்தது, ஸ்டீஃபன் காம்பனெல்லி இயக்கினார். நாவலைப் படித்துவிட்டுப் பாருங்கள்.

கே: கேள்வி பதில் எழுதுவதெல்லாம் இலக்கியத்தில் சேருமா என்று என் நண்பர் கிண்டல் செய்கிறார். உங்கள் பதில்? (ஆயர் ஈத்தாம், பினாங்கு)

ப: உங்கள் நண்பருக்கு ஜிம் நார்த்ரப்பைச் சொல்லுங்கள். அவரும் ஓஜிப்வேதான், மினசோட்டாவின் ஃபாண்டு லாக் பகுதியைச் சேர்ந்தவர், வியட்நாம் போரில் சண்டை போட்டுத் திரும்பியவர். 1989 தொடங்கிப் பல வருஷம் பழங்குடிப் பத்திரிகைகளில் பத்தி எழுதினார், அந்தப் பத்தியில் கேள்வி பதில்தான் ஜனங்கள் முதலில் தேடிப் படிப்பது. அவரே கேட்டு அவரே பதில் சொல்வார், சிரிப்பு வரும், பின்னாலேயே சுருக்கென்று குத்தும். கதைகளும் கவிதைகளும் எழுதியிருக்கிறார். 2016-ல் காலமானார்.

கே: பத்திரிகையாளராக இருந்துகொண்டே நாவலும் எழுத முடியுமா? நான் ஒரு செய்தி அலுவலகத்தில் வேலை செய்கிறேன், வீட்டுக்கு வந்தால் ஒரு வரிகூட ஓடவில்லை. (பெயர் வேண்டாம், பிரிக்ஃபீல்ட்ஸ்)

ப: உங்கள் களைப்பு எனக்குத் தெரியும் தம்பி. இரவு பதினோரு மணிக்குப் பக்கத்தை முடித்து அனுப்பிவிட்டு வீட்டுக்குப் போகிறவனிடம் நாவல் எழுது என்று சொல்வதற்கு எனக்கு வாய் வராது.

ஆனாலும் எழுதியிருக்கிறார்கள். வாபுகேஷிக் ரைஸ் என்று ஒருவர், இவரும் ஓஜிப்வே, பாரி சவுண்ட் பக்கத்து வசாக்சிங் ஊர்க்காரர். பதினேழு வயதில் மாணவர் பரிமாற்றத் திட்டத்தில் ஜெர்மனிக்குப் போய், அங்கே ஓர் ஓஜிப்வே பையனாக இருப்பது எப்படி இருக்கிறது என்று ஊர்ப் பத்திரிகைகளுக்கு எழுதி அனுப்பியதுதான் அவருடைய ஆரம்பம். பிறகு இதழியல் படித்து, சிபிசி ஒலிபரப்பில் பல வருஷம் நிருபர், வானொலி நிகழ்ச்சித் தொகுப்பாளர். வேலையில் இருந்துகொண்டேதான், வடக்கே ஒரு பழங்குடி ஊரில் பனிக்காலத் தொடக்கத்தில் மின்சாரமும் தொலைபேசியும் ஒரே நேரத்தில் நின்றுபோவதைப் பற்றிய நாவலை 2018-ல் கொண்டுவந்தார். 2020-ல் வேலையை விட்டுவிட்டு முழுநேரம் எழுத வந்தார். நாவல் கால் ஊன்றிய பிறகுதான் வேலையை விட்டார் என்பதைக் கவனியுங்கள். வீட்டு வாடகை கட்ட வேண்டும் இல்லையா?

வாகமீஸின் வழி வேறு. அவருடைய புத்தகங்களில் சில, பத்திரிகையில் பத்தியாக வந்தவைதான். தன் பத்திகளை 1996-ல் தொகுத்தார். 2008-ல் வந்த 'ஒன் நேட்டிவ் லைஃப்' காம்லூப்ஸ் பக்கத்தில் ஓர் ஏரிக்கரையில் குடியிருந்தபோது எழுதிய சின்னச் சின்னக் கட்டுரைகள், ஒவ்வொன்றும் இரண்டு மூன்று பக்கம்தான். அதில் ஒரு வாழ்க்கையே இருக்கிறது. வாரத்துக்கு ஒரு முறை, இத்தனை சொல்லுக்குள், இந்த மணிக்குள் என்று எழுதிப் பழகிய கை அது. தேவையில்லாத வாக்கியம் அந்தக் கையில் நிற்காது. நாவலிலும் அதைப் பார்க்கலாம். நீங்கள் அலுவலகத்தில் தினமும் செய்கிற வெட்டும் வேலை வீணாகப் போகவில்லை, அது பயிற்சி. இப்போதைக்கு நாவலை நினைக்காமல் வாரம் ஒரு பக்கம், உங்களுக்கே உங்களுக்கு என்று எழுதிப் பாருங்கள்.

கே: நான் ஓர் ஆசிரியை. கனடாப் பழங்குடியைப் பற்றி இவ்வளவு உருகுகிற நீங்கள் இங்கே இருக்கிற ஓராங் அஸ்லி மக்களைப் பற்றி என்றைக்காவது எழுதியிருக்கிறீர்களா? (பட்டர்வொர்த்)

ப: நம் தமிழ்ப் பத்திரிகைகள் எல்லாமே மிகக் குறைவாகத்தான் எழுதியிருக்கின்றன டீச்சர், நீங்கள் கேட்டது சரி.

ஒரு செய்தியை மட்டும் நினைவுபடுத்துகிறேன். 2015 ஆகஸ்டில் கிளந்தான், குவா மூசாங்கின் உட்பகுதியில் பள்ளி விடுதியில் தங்கிப் படித்த, ஓராங் அஸ்லிகளில் தெமியார் இனத்துப் பிள்ளைகள் ஏழு பேர், ஆற்றில் குளித்ததற்கு அடி விழும் என்று பயந்து காட்டுக்குள் ஓடினார்கள். 47 நாள் கழித்து இரண்டு பிள்ளைகளை எலும்பும் தோலுமாக உயிரோடு கண்டுபிடித்தார்கள். மற்ற ஐந்து பேர் இறந்துபோனார்கள். கோலாலம்பூரிலிருந்து காரில் ஒரு பகல் தூரம்தான் அந்த இடம்.

இதே மாதிரி ஒரு சம்பவம் ஓஜிப்வே வரலாற்றிலும் இருக்கிறது. 1966-ல் சானி வென்ஜாக் என்ற 12 வயதுப் பையன் கெனோராவில் விடுதிப் பள்ளியிலிருந்து தப்பி, நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் தள்ளி இருந்த வீட்டுக்கு ரயில் பாதையோரமாகவே நடந்து போகப் பார்த்து, குளிரில் செத்துப்போனான். 1967-ல் 'மக்லீன்ஸ்' இதழ் அதை விரிவாக எழுதியது, அதனால்தான் நாட்டுக்குத் தெரிந்தது.

அதற்கு 50 வருஷம் கழித்து, தான்யா தலகா என்ற பத்திரிகையாளர், தாய்வழியில் ஓஜிப்வே, 2017-ல் ஒரு புத்தகம் எழுதினார். தண்டர் பே நகரத்தில் 2000-க்கும் 2011-க்கும் இடையில் இறந்துபோன ஏழு பழங்குடி மாணவர்களைப் பற்றியது. தங்கள் ஊரில் மேல்நிலைப்பள்ளி இல்லாததால் வீட்டை விட்டு நகரத்துக்கு வந்து தங்கிப் படித்த பிள்ளைகள். தலகா 2011-ல் 'டொராண்டோ ஸ்டார்' நாளிதழுக்காக அங்கே போனது வேறு வேலைக்கு, பழங்குடியினர் ஏன் தேர்தலில் ஓட்டுப் போடுவதில்லை என்று எழுத. ஆனால் அவர் சந்தித்த பழங்குடித் தலைவர், தேர்தலைப் பற்றி என்ன கேட்டாலும், காணாமல் போன ஒரு பையனைப் பற்றி நீங்கள் ஏன் எழுதவில்லை என்றே திருப்பித் திருப்பிக் கேட்டார். தலகாவுக்கு முதலில் எரிச்சல்தான். பிறகு, அந்த மனிதர் தன் கேள்விக்குத்தான் பதில் சொல்லிக்கொண்டிருக்கிறார் என்று புரிந்தது. அந்த எரிச்சலோடு பேட்டியை முடித்துக்கொண்டு எழுந்து வந்திருந்தால் புத்தகம் இல்லை. நிருபர் வேலைக்கு வருகிற ஒவ்வொரு பிள்ளைக்கும் இந்த ஒரு சம்பவத்தைச் சொல்லிக் கொடுக்க வேண்டும்.

இங்கேயும் எழுதுகிறவர்கள் இருக்கிறார்கள். செமாய் இனத்தைச் சேர்ந்த அக்கியா மலாயில் எழுதிய 'பெராங் சங்கில்' நாவல், தன் ஜனங்களை அடிமைகளாகப் பிடித்துக்கொண்டுபோன காலத்தைப் பேசுகிறது. உங்கள் மாணவர்களைக் கோலாலம்பூர் சுற்றுலாவுக்கு அழைத்து வந்தால், இரட்டைக் கோபுரத்தைப் பார்த்துவிட்டு அப்படியே கோம்பாக்கில் ஓராங் அஸ்லி அருங்காட்சியகத்துக்கும் கூட்டிக்கொண்டு போங்கள். தூரம் அதிகம் இல்லை.

கே: பதினைந்து வயது மகளுக்கு வாகமீஸ் வாங்கிக் கொடுக்கலாமா? எதில் ஆரம்பிக்க வேண்டும்? (ஒரு தாய், பாயான் லெப்பாஸ்)

ப: கொடுக்கலாம். ஆனால் 'இந்தியன் ஹார்ஸ்' நாவலை முதலில் நீங்கள் படித்துவிடுங்கள். சால் என்ற பையன் விடுதிப் பள்ளியில் மாட்டிக்கொண்டு, ஐஸ் ஹாக்கி ஆட்டத்தில் பிழைத்துக்கொள்ளும் கதை. விடியற்காலையில் எல்லாரும் தூங்கும்போது மைதானத்துப் பனியைக் கூட்டித் தள்ளும் வேலையைக் கேட்டு வாங்கிக்கொண்டு, பந்து கிடைக்காமல், உறைந்துபோன குதிரைச் சாணத்தைப் பனிக்குள் ஒளித்து வைத்து அதை அடித்தடித்தே பழகுவான். அந்தப் பக்கங்களைப் படிக்கும்போது கை விறைக்கும், அவ்வளவு கிட்டத்தில் எழுதியிருக்கிறார். ஆனால் அதில் பாலியல் கொடுமை வருகிறது, உங்கள் மகள் அதைத் தனியாகப் படித்துவிட்டு யாரிடமும் கேட்க முடியாமல் உட்கார்ந்திருக்கக் கூடாது. அவளுக்கு முதல் புத்தகமாக 'ஒன் நேட்டிவ் லைஃப்' நல்லது. அடுத்து 'மெடிசின் வாக்', சாகப்போகும் குடிகாரத் தகப்பனை மகன் குதிரையில் மலைக்கு அழைத்துப் போகும் கதை, 2014-ல் வந்தது. அவர் எழுதியதில் எனக்கு மிகப் பிடித்தது அதுதான். ஆங்கிலம் எளிமையானது, பதினைந்து வயதுக்குக் கஷ்டப்படாது.

கே: எனக்கு 71 வயது. தோட்டத்துப் பள்ளியில் ஆறாம் வகுப்புவரை படித்தேன், அப்புறம் பால்மரம் வெட்டப் போய்விட்டேன். மனதில் நிறைய இருக்கிறது, எழுத உட்கார்ந்தால் கை நடுங்குகிறது. என்னைப் போன்றவர்கள் எழுதலாமா? (பிறை)

ப: எழுதுங்கள் ஐயா, இன்றைக்கே ஆரம்பியுங்கள். வாகமீஸ் 2011-ல் விக்டோரியா பல்கலைக்கழகத்தில் எழுத்து கற்றுக்கொடுக்கப் போனார். ஒன்பதாம் வகுப்புக்காரர், பல்கலைக்கழக மாணவர்களுக்கு வாத்தியார்! அவர் சொல்லிக் கொடுத்த முறை, முதலில் வாயால் சொல் என்பது. காகிதம் இல்லாமல், குறிப்பு இல்லாமல், எதிரே ஆளை உட்கார வைத்துக் கதையைச் சொல்லிவிட வேண்டும், எழுதுவது அப்புறம். உங்களுக்கு அது சுலபம்தானே. பேரப்பிள்ளையின் கைப்பேசியில் ஒலிப்பதிவைப் போட்டுவிட்டு, விடியற்காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக் களத்தில் நின்றதையும், ஆயாக்கொட்டகையில் பிள்ளையை விட்டுவிட்டு மரம் வெட்டப் போன பெண்களையும், பெரிய தோட்டங்களைத் துண்டு போட்டு விற்ற தோட்டத் துண்டாடலில் யார் யார் எங்கே சிதறிப் போனார்கள் என்பதையும், 1969-க்குப் பிறகு குடியுரிமை இல்லாமல் சிவப்பு அடையாளக் கார்டு வைத்திருந்தவர்கள் வேலை பெர்மிட் கிடைக்காமல் கப்பல் ஏறியதையும் சொல்லுங்கள். 1924-ல் தொடங்கிய தமிழ் நேசன் நாளிதழ் 2019-ல் நின்றுபோனது. நம் கதை அச்சேறும் இடங்கள் குறைந்துகொண்டே போகின்றன, இருக்கிற இடத்தையாவது நிரப்ப வேண்டும்.

கடிதமாக எழுதினாலும் சரி, வாட்ஸ்அப்பில் குரலாக அனுப்பினாலும் சரி, நாங்கள் எழுத்தாக்கிக்கொள்கிறோம். தோட்டத்தின் பெயர், எத்தனையாம் நம்பர் லயம், எந்த வருஷம் என்பதை மட்டும் மறக்காமல் சொல்லிவிடுங்கள். சொன்னது எழுத்தான பிறகு ஒருமுறை உங்களுக்குப் படித்துக் காட்டுவோம், நீங்கள் சரி என்ற பிறகுதான் அச்சுக்குப் போகும்.